அரக்கு நிறக் கல்வாழை

கல்வாழையின் முதல் இலை விரிந்த அன்று நான் போட்ட கூச்சலில், என் வீட்டுக்காரர் கொதிக்கிற சாயக் கொப்பரையை அப்படியே விட்டுவிட்டு ஓடி வந்தார். பாம்பு என்று நினைத்துவிட்டாராம். பாம்பாவது ஒன்றாவது! சுருட்டி வைத்த காகிதம் மாதிரி முளைத்த இலை, பிரியப் பிரிய ஒரே அரக்கு நிறம். ஓரத்தில் கறுப்பே தட்டியது. பின்னாலிருந்து வெயில் பட்டபோது நரம்பு நரம்பாகச் சிவந்தது. பச்சை என்பது பேருக்குக்கூட இல்லை. அம்மாடி, இலை இப்படியும் இருக்குமா என்று வாயைப் பிளந்துகொண்டு நின்றேன்.

அப்போது அறுபதுகளின் கடைசி. பிள்ளையார்பாளையத்தில் நாங்கள் குடித்தனம் வைத்து ஒரு வருஷம்கூட ஆகவில்லை. வாலாஜாபாத் ரயில் நிலையத்தில் பூப்பாத்தியை வெட்டிக் கிழங்குகளைக் குவித்திருந்தார்கள். ஒன்றைக் கேட்டு வாங்கி முந்தானையில் முடிந்துவந்து, கொல்லையில் கிணற்றுக்கும் சாயத் தண்ணீர் ஊற்றும் குழிக்கும் நடுவில் நட்டேன். அதுவரை நான் பார்த்ததெல்லாம் பச்சை இலைக் கல்வாழைதான்.

இவர் பட்டு நூலுக்குச் சாயம் போடுகிறவர். பல வருஷம் அடுத்தவரிடம் கூலிக்கு நின்றுவிட்டு, அந்த வருஷம்தான் சொந்தக் கொப்பரை வைத்திருந்தார். அந்த மாதம் முழுக்க அவர் போட்ட நிறம் அரக்கு. இலையைப் பார்த்தார், குழியைப் பார்த்தார். முகம் செத்துப் போயிற்று.

"சாயம் மண்ணுல எறங்கிடுச்சு," என்றார்.

கிணறு எங்களுக்கும் பக்கத்து வீட்டு அக்காவுக்கும் பொது. நடுவில் சுவர், ஆளுக்குப் பாதி. அக்காவின் மகள் பிரசவத்துக்கு வந்திருந்தாள், நிறைமாதம். சுவருக்கு மேலே எட்டிப் பார்த்த அக்கா பதறிப் போனாள்.

"இன்னாமா இது? செடியே இப்டி ஊறிக்கினு நிக்குது, கிணத்துத் தண்ணி இன்னா ஆயிருக்கும்? புள்ளத்தாச்சி குடிச்சிக்கினு இருக்காளே!"

மற்றவர்கள் செய்வதையா இவர் செய்வார்? சாயக்காரருக்குத் தெரிந்த சோதனை ஒன்றுதான். ஓர் இலையை அறுத்து வெந்நீரில் போட்டு, நிறம் நிற்கிறதா என்று பார்த்தார். கொஞ்ச நேரத்தில் தண்ணீர் சிவந்தது. குச்சியால் தூக்கிய இலையோ பச்சைப் பசேல் என்று இருந்தது. "பாத்தியா, உள்ள பச்சை. மேல ஏறினது நம்ம சாயம்," என்றார்.

அன்றைக்கே அடுப்பை அணைத்தார். குழியை மண் போட்டு மூடினார். மறுநாளிலிருந்து பழைய முதலாளியிடமே கூலிக்குப் போனார். அக்காவும் நாங்களும் தெருக்குழாயில் வரிசையில் நின்றோம். இவர் செடியைப் பிடுங்க வந்தபோது மட்டும் நான் குறுக்கே நின்றேன். எனக்குக் கோபம் வந்தால் வாயை அடக்கத் தெரியாது.

"செடி மேல கைய வெச்சீங்க, நான் எங்கம்மா வூட்டுக்குப் போயிடுவேன்."

அவர் செடியை விட்டு விலகினார். பிறகு சுவருக்கு அந்தப் பக்கம் பார்த்து, "அக்கா, ஒரு கொப்பரைல ரெண்டு கலர் ஏறாது. இது நம்ம சாயம்னா பூவும் அரக்காத்தான் வரும். வேற கலர் வந்தா செடியோட சொந்த நிறம். பூக்கட்டும்," என்றார். அக்கா அரை மனதாகத் தலையாட்டினாள்.

அது பூத்தால்தானே! ஆடி போயிற்று, ஆவணி போயிற்று. ஆள் உயரம் வளர்ந்தது, இலைமேல் இலை விட்டது, மொட்டு மட்டும் இல்லை. தினமும் காலையில் போய்த் திட்டுவேன். "ஒரு மனுஷன் கொப்பரை உன்னால கவுந்து கெடக்குது, உனக்கு இன்னா அழுத்தம்!" திட்டிவிட்டு அங்கேயே நிற்பேன். மழைத்துளி அந்தக் கரிய இலையில் நிற்பதைப் பார்த்தால் நகர மனசு வராது. அக்காவுக்கு ஆடியிலேயே பேரன் பிறந்துவிட்டான். ஐப்பசி மழையும் ஓய்ந்தது.

கார்த்திகையில் ஒரு காலை, அத்தனை இருண்ட இலைகளுக்கு நடுவில் ஒரு பூ. ஆரஞ்சு! தொண்டையில் மஞ்சள்! அந்த இலைக்குள் இந்த நிறம் எங்கே ஒளிந்திருந்தது? இவர் கிட்டே வந்தார், தொடவில்லை. "எந்தச் சாய டப்பாவுலயும் இந்தக் கலர் இல்ல," என்று மெதுவாகச் சொன்னார்.

அக்கா பேரனை இடுப்பில் வைத்துக்கொண்டு பார்த்தாள். அவள் கண் கலங்கியிருந்தது. "தப்பா பேசிட்டேம்பா. நீ அடுப்ப மூட்டு," என்று சொல்லி, கிணற்றில் வாளியை இறக்கப் போனாள்.

இவர் கயிற்றைப் பிடித்துக்கொண்டார்.

"இரு அக்கா. செடிக்கு அது சொந்த நிறம், சரி. அதுக்காவ கிணறு நல்லா இருக்குதுன்னு பூ எப்பிடி சொல்லும்? அஞ்சு மாசமா யோசிச்சிக்கினு இருக்கேன். நான் ஊத்தினது எங்க போச்சுன்னு எனக்கே தெரியல. கைக்குழந்த இருக்கற வூடு. இங்க இனிமே கொப்பரை வெக்கல."

எனக்கு வந்த ஆத்திரம் கொஞ்சநஞ்சமல்ல. ஐந்து மாதம் காத்திருந்து ஜெயித்த வழக்கில் தானே தனக்கு எதிராகத் தீர்ப்புச் சொல்கிறாரே, இப்படியும் ஒரு பைத்தியக்காரன் உண்டா! திட்ட வாயைத் திறந்தேன். கூலிக்குப் போக நேரமாகிவிட்டதென்று அவர் சோற்றுத் தூக்குவாளியை எடுத்துக்கொண்டிருந்தார். அந்த மனுஷனையே பார்த்துக்கொண்டு நின்றேன், முதல் இலையைப் பார்த்து நின்றதைப் போல.