அன்பரசன் எம்.எல்.ஏ. போர்த்திய கொடி

எங்கள் தொகுதியின் முன்னாள் எம்.எல்.ஏ. அன்பரசன் இருந்த கட்சி எது, போன கட்சி எது என்று பெயர் சொல்லி எழுதப் போவதில்லை. பயமெல்லாம் இல்லை. இது அச்சாகி உங்கள் கைக்கு வருவதற்குள் அவர் எங்கே இருப்பார் என்று யாருக்குத் தெரியும்? அடையாளத்துக்காகப் பழைய கட்சியின் கொடி மஞ்சள், புதுக் கட்சியின் கொடி ஊதா என்று வைத்துக்கொள்ளுங்கள்.

அன்பரசன் பிறந்தது காத்திவாக்கத்தில். அப்பா கழிமுகத்தில் இறால் பிடித்தவர். பிள்ளைக்குத் தண்ணீரில் இறங்குவதில் நாட்டமில்லை, எதிலாவது ஏறுவதில்தான் ஆசை. ராயபுரத்துக்கு வந்து துறைமுகத்தில் மூட்டை தூக்கினார். கூட மூட்டை தூக்கியவர் நீலமேகம். வேலை முடிந்ததும் இரண்டு பேரும் மஞ்சள் கட்சிக்குப் போஸ்டர் ஒட்டப் போவார்கள். மைதா பசை வாளி நீலமேகத்திடம், போஸ்டர் அன்பரசனிடம். போஸ்டர் ஒட்டுகிறவரைத் தெருவில் நாலு பேர் பார்ப்பார்கள். வாளி தூக்குகிறவரை அவர் சட்டையைத் துவைக்கிற மனைவி மட்டும் பார்ப்பார். அன்பரசன் வட்டச் செயலாளர், கவுன்சிலர், எம்.எல்.ஏ. என்று ஏறிப் போனார். நீலமேகம் வாளியோடு கீழே நின்று கைதட்டினார்.

ஏறத் தொடங்கிய காலத்தில் ஒரு மறியல். கைது செய்து கல்யாண மண்டபத்தில் அடைத்தார்கள். மதியம் சாம்பார் சாதம், மாலையில் விடுதலை, வழக்கம்போல. அந்தச் சாம்பார் சாதப் பொட்டலத்தின் முன்னால்தான் சத்தியம் நடந்தது.

“தம்பி, நான் பூட்டா நம்ம கொடிய நீதான் எம்மேல போத்தணும். வேற எவன் கையும் படக்கூடாது” என்றார் நீலமேகம்.

“இன்னா அண்ணாத்தே, துன்றப்போ இந்தப் பேச்சு. போத்துறேன், வுடு.”

நீலமேகத்தின் மனைவி பட்டம்மாளும் அன்றைக்குக் கைதானவர். எதிரே உட்கார்ந்து அப்பளத்தை நொறுக்கிக்கொண்டே இதைக் காதில் வாங்கிக்கொண்டார்.

பல வருடம் கழித்து அன்பரசன் கட்சி மாறினார். தொகுதி நலன் கருதி மாறியதாக அறிக்கை சொன்னது. தொகுதிக்கு அது புதுச் செய்தி. நடந்தது என்னவோ ஒரு பேனர்தான். திருவொற்றியூர் பொதுக்கூட்டத்துக்கு வைத்த பேனரில் அன்பரசனின் முகம் தபால்தலை அளவுக்கு இருந்தது, அதுவும் மைக்செட்காரரின் செல் நம்பருக்குக் கீழே. பிளாஸ்டிக் மொத்த வியாபாரம் செய்யும் தெற்கத்திக்காரர் சுடலைராஜ், ஊதா கட்சிக்கு ஆள் சேர்த்துவிடுகிறவர், அந்தப் பேனரைச் சுற்றிப் பார்த்துவிட்டு மெல்லச் சொன்னார்.

“அண்ணாச்சி, நம்ம பக்கம் வந்தியள்னா இடுப்பு வரைக்கும் படம் போடுதோம்னு சொல்லுதாவ.”

இடுப்பு வரைக்கும் என்றால் யாருக்குத்தான் மனம் இளகாது? பதவியை ராஜினாமா செய்துவிட்டு ஊதாவில் சேர்ந்தார். இடைத்தேர்தல் வந்தது. ஊதாவின் சீட்டு அவருக்குத்தான் என்று ஊரே பேசியது. அறிவிப்பு வெள்ளிக்கிழமை மாலை என்றார்கள். நீலமேகம் வெள்ளிக்கிழமை காலை இறந்துபோனார்.

குடியிருப்பின் வாசலில் ஷாமியானா போட்டாயிற்று, மேளம் வந்தாயிற்று, பூப்பல்லக்கு தயார். பட்டம்மாள் மட்டும் அசையவில்லை. “அன்பு வந்து கொடி போத்துனாத்தான் எடுப்போம்” என்று சொல்லிவிட்டார்.

தெருமுனையில் காருக்குள் அன்பரசனும் சுடலைராஜும்.

“மஞ்சக் கொடி போட்டியள்னா சாயங்காலம் சீட்டு இல்ல. போடலைன்னா இந்தத் தெரு ஓட்டு இல்ல” என்றார் சுடலைராஜ்.

“ஓட்ட வுடு. அண்ணாத்தே கேட்டுக்கீறாரே.”

“அவருக்குத்தான் இனிமே ஓட்டே இல்லல்லா.”

அன்பரசன் காரை விட்டு இறங்கினார். முதலில் ஊதாக் கொடியை அக்குளில் மடித்து வைத்துக்கொண்டு போய்ப் பார்த்தார். “அண்ணி, கொடின்னா கொடிதானே...” என்று ஆரம்பித்தார்.

“உசுரோட இருந்தப்போ அந்தாளு மாறல. பொணத்துக்கு இன்னாத்துக்கு நைனா கட்சி மாத்துற?”

அழுதுகொண்டிருந்த பெண்களில் இரண்டு பேர் முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டார்கள்.

அடுத்த யோசனை அன்பரசனின் சொந்த மூளையில் உதித்தது. பூக்கடையிலிருந்து ஆளுயர ரோஜா மாலை வந்தது. தூக்கவே இரண்டு பேர் வேண்டியிருந்தது. மஞ்சள் கொடியை வாங்கி, நீலமேகத்தின் கால் தொடங்கிக் கழுத்து வரை போர்த்தினார். ஓரங்களை ஒதுக்கிவிட்டார். குனிந்து காதருகே ஏதோ சொன்னார். மன்னிப்புக் கேட்டதாகப் பட்டம்மாள் சொல்கிறார். மாலைக்கு இடம்விட்டுப் படுக்கச் சொன்னதாக மஞ்சள் கட்சியினர் சொல்கிறார்கள். நிமிர்ந்தவர் கண் காட்ட, கொடியின் மேல் மாலை இறங்கியது. அதற்கப்புறம்தான் செல்போன்களை எடுக்கவிட்டார். எந்தப் படத்திலும் ரோஜாவைத் தவிர எதுவும் தெரியவில்லை. சுடலைராஜ் தூரத்திலிருந்து கட்டைவிரலை உயர்த்தினார்.

பட்டம்மாளுக்கும் திருப்திதான். “வாக்குக் குடுத்தவன், கடைசி வரிக்கும் கூட வா” என்று பூப்பல்லக்கிலேயே ஏற்றிவிட்டார்.

ஒன்றை மட்டும் அன்பரசன் மறந்துவிட்டார். எங்கள் பக்கம் சாவு ஊர்வலம் என்றால் வழிநெடுக மாலையைப் பிய்த்துப் பிய்த்துச் சாலையில் பூவை இறைத்துக்கொண்டே போவோம். ஓட்டுக்காக எத்தனையோ சாவுக்குப் போனவர், அத்தனையிலும் பூ இறைத்தவர். மேளம் அடித்ததும் அவர் கை தன் பாட்டுக்கு வேலையை ஆரம்பித்துவிட்டது. முன்னால் ஆடிக்கொண்டு போனவர்கள் வேறு, “எம்மெல்லே, பூ குடு” என்று கை நீட்டிக்கொண்டே இருந்தார்கள். அவரும் பிய்த்துப் பிய்த்துக் கொடுத்தார். மேம்பாலத்தருகே துறைமுகத்துக்குப் போகும் கன்டெய்னர் லாரிகள் வரிசைகட்டி நிற்க, ஊர்வலமும் நின்றது. அப்போதுதான் குனிந்து பார்த்தார். மாலையில் நார் மட்டும் மிச்சம். மஞ்சள் கொடி பளபளவென்று கிடந்தது.

அந்த நேரம் பார்த்துக் கடல் காற்று. கொடி பறக்கப் பார்த்தது. விட்டால் நீலமேகத்தின் மேல் எதுவும் இருக்காது. அன்பரசன் ஒரு கணம் யோசித்தார். பிறகு இரண்டு கைகளாலும் கொடியை அழுத்திப் பிடித்துக்கொண்டார். அதே நெரிசலில் ஒரு டிவி சேனலின் காரும் மாட்டியிருந்தது.

மூலக்கொத்தளம் இடுகாட்டுக்குப் போய்ச் சேர்வதற்குள் ஊரே அதை டிவியில் பார்த்துவிட்டது. மண் தள்ளி முடிந்ததும் சுடலைராஜிடமிருந்து போன் வந்தது.

“அண்ணாச்சி, சீட்டு உங்களுக்கு இல்லன்னுட்டாவ.”

“வேற யாருக்காம்?”

“எனக்குத்தான்னு சொல்லுதாவ.”

மஞ்சள் கட்சிக்காரர்கள் வந்து கையைப் பிடித்துக்கொண்டு, படத்தைப் பார்த்துக் கண் கலங்கியதாகச் சொன்னார்கள். அவர்களுடைய வேட்பாளரை முந்தின நாளே அறிவித்துவிட்டார்கள் என்பதையும் சொன்னார்கள்.

மறுநாள் பால் தெளிக்க வந்தபோது மூலக்கொத்தளத்துச் சுற்றுச்சுவரில் ஊதா போஸ்டர் ஒட்டியிருந்தது. சுடலைராஜ், இடுப்பு வரைக்கும். அன்பரசன் அதை நின்று பார்த்தார். பசை சரியில்லை, ஒரு மூலை தொங்கியது. பழைய பழக்கத்தில் அதை உள்ளங்கையால் தேய்த்து ஒட்டிவிட்டு வந்தார்.

பட்டம்மாள் பால் சொம்பை அவர் கையில் கொடுத்தார்.

“இப்போ எந்தக் கட்சிப்பா நீ?”

“ஒன்னும் இல்ல அண்ணி.”

“அப்போ நாளைக்கு நீ பூட்டா இன்னாத்தப் போத்துறது?”

அன்பரசன் பாலை மண்மேட்டில் மெதுவாக ஊற்றினார். சொம்பைத் திருப்பிக் கொடுத்துவிட்டு வேட்டியில் கையைத் துடைத்துக்கொண்டார்.

“அவசரப்படாத அண்ணி. மனு போட திங்கக்கெழம வரிக்கும் டைம் கீது.”