பூஜைக்கு முன்னால் கொடுத்த இலந்தைப்பழம்

என் மகள் பார்க்கும் தொடர்களில் வரும் பள்ளிக்கூடப் பெண்களைக் கண்டால் எனக்குப் பற்றிக்கொண்டு வருகிறது. நாற்பத்தாறு வயதில் இது அழகா என்றால், இல்லைதான். அந்தப் பெண்கள் எதைச் சொதப்பினாலும் காதல் வந்துவிடுகிறது. மாடிப்படியில் தடுக்கினால் தாங்கிப் பிடிக்க ஒருவன், கணக்கு வராவிட்டால் சொல்லிக்கொடுக்க ஒருவன். அவள் சோறு தண்ணி மறந்து படிக்கும் நாவல்களிலும் இதே கதைதான்.

போன ஞாயிற்றுக்கிழமை, கல்கத்தா டாக்குரியாவில் எங்கள் வீட்டு சோபாவில் இருவரும் உட்கார்ந்திருந்தோம். திரையில் ஒருத்தி பையனின் சட்டையில் காபியைக் கொட்டினாள். அவன் சிரித்தான்.

"ஆமா, கொட்டினா சிரிப்பானாக்கும்" என்றேன்.

மகள் தொடரை நிறுத்தினாள். "உனக்கு என்னம்மா ஆச்சு?"

சொல்லிவிட்டேன்.

நான் பதினொன்றாவது படிக்கும்போது அப்பாவுக்கு வங்கியில் மாற்றலாகி மதுரையிலிருந்து கல்கத்தா வந்தோம். பாலிகஞ்சில் ட்யூஷன். எனக்குப் பெங்காலி வராது என்பதால் அங்கே ஒரு பையன் என்னிடம் மட்டும் இங்கிலீஷில் பேசுவான். அது போதாதா எனக்கு? தை மாதத்தில் ஒருநாள் காளிகாட் சந்தில் இலந்தைப்பழம் வாங்கி, கழுவித் துடைத்து, உப்பும் மிளகாய்த்தூளும் தனியே மடித்துக் கொண்டுபோய் அவனிடம் நீட்டினேன். அவன் வெடுக்கென்று கையை இழுத்துக்கொண்டான். வகுப்பே கொல்லென்று சிரித்தது.

சரஸ்வதி பூஜை முடியும்வரை இந்த ஊர்ப் பிள்ளைகள் இலந்தைப்பழத்தைத் தொடமாட்டார்கள். தின்றால் பரீட்சை கோவிந்தா. எங்கள் வீட்டில் சரஸ்வதி பூஜை நவராத்திரியோடு முடிந்துபோன விஷயம். இங்கே அது தை மாசியில் வரும் என்று எனக்கு யார் சொன்னார்கள்?

"பூஜை அன்னிக்குக் கொண்டு வா, சாப்பிடறேன்" என்று அவன் மெதுவாகச் சொன்னான். அவமானத்தில் அத்தனை பழத்தையும் வீட்டுக்குப் போகிற வழியிலேயே நான் தின்று தீர்த்தேன்.

பூஜையன்று ட்யூஷனில் பெண்கள் எல்லோரும் மஞ்சள் புடவையில் வந்திருந்தார்கள். சரஸ்வதிக்குப் பூப்போடும் அஞ்சலி முடிந்தபின் என் பெஞ்சுக்காரி ஒருத்தி பிரசாதத் தட்டிலிருந்து ஒரு பழத்தை எடுத்து அவனிடம் நீட்டினாள். வாங்கித் தின்றான். அவளுக்கு மஞ்சள் எடுப்பாகவே இருந்தது, அதுதான் இன்னும் வயிற்றெரிச்சல். இத்தனை வருஷத்தில் அவளுக்கு முடியெல்லாம் கொட்டியிருக்க வேண்டும் என்று நான் ஆசைப்படாத நாள் குறைவு.

மகள் சிரிப்பாள் என்று நினைத்தேன். சிரிக்கவில்லை.

"அவன்தான் பூஜை அன்னிக்குக் கேட்டானே. நீ கொண்டு போனியா?"

"இல்ல."

"அப்புறம் அந்தப் பொண்ணு மேல உனக்கு என்னம்மா கோபம்?"

"ஒண்ணுமில்ல, நீ தொடரைப் போடு" என்றேன்.

அன்று அஞ்சலி முடிந்ததும் அவன் முதலில் என் பக்கத்தில்தான் வந்து நின்றான். நான்தான் முகத்தைத் திருப்பிக்கொண்டேன். அதை மட்டும் மகளிடம் சொல்ல வாய் வரவில்லை.