அலமாரிக்குள் இருந்த பிள்ளை

ரெமி வெர்னியோல் எழுதி இயக்கிய படங்கள் எல்லாமே போர்க்காலத்தில்தான் நடந்தன. "சண்டை முடிஞ்சு அம்பது வருஷமாச்சு, உனக்கு மட்டும் இன்னும் முடியலையாப்பா?" என்று பாரிஸில் தயாரிப்பாளர்கள் கிண்டல் செய்வார்கள். அவர் காதில் போட்டுக்கொள்ள மாட்டார். ரெமி தொட்டிலில் கிடந்த காலத்தில் அவருடைய அம்மா யூஜெனி, ராஷெல் என்ற யூதச் சிறுமியைத் துணி அலமாரியில் ஒளித்துக் காப்பாற்றியதாகச் சொல்வாள். ராஷெல் அப்புறம் எங்கே போனாள் என்று கேட்டால் மட்டும், அடுப்பில் சூப் தீய்கிறது என்று எழுந்துவிடுவாள்.

கடைசியில் அந்தக் கதையையே படமாக்கச் சொந்த ஊருக்கு வந்தார் ரெமி. அம்மாவுக்கு இப்போது ஞாபகம் பிசகிவிட்டது. பெற்ற மகனையே சில நாள் யாரென்று கேட்பாள்.

மதியச் சாப்பாட்டு நேரத்தில், ராஷெலாக நடிக்கும் மனோனைக் காணவில்லை. படப்பிடிப்பு இடத்துக்குப் பின்னாலேயே ஆறு. குழந்தையின் தாய் அலறினாள். ரெமி படக்குழுவைப் பார்த்துக் கத்தினார்.

"வீடு வீடா தேடுங்க! ஓடுங்க!"

போட்ட வேஷத்தோடு எல்லாரும் ஓடினார்கள். ரொட்டிக்கடை உலிஸ், ஜெர்மன் அதிகாரி உடுப்போடு, பூட்ஸ் தடதடக்க யூஜெனியின் கதவை இடித்தான். பின்னால் ஓடிவந்த ரெமிக்கு அப்போதுதான் உறைத்தது. "அடப்பாவி, அந்தத் தொப்பியையாவது கழட்டுடா!"

அதற்குள் கதவு திறந்துவிட்டது. அம்மாவின் முகத்தில் ரத்தமே இல்லை.

"பயப்படாதீங்கம்மா, நம்ம உலிஸ்தான். ஒரு சின்னப் பொண்ணு இங்க வந்தாளா?" என்று கேட்டார் ரெமி.

'இங்கே யாரும் இல்லை' என்பாள் என்றுதான் ரெமி எதிர்பார்த்தார். படத்துக்கு அவர் எழுதிவைத்த வசனமும் அதுதான். ஆனால் அவள் கையைத் தூக்கி அலமாரியைக் காட்டினாள்.

"உள்ளதான் இருக்கா, ஐயா. போன தடவை மாதிரியே நானே சொல்லிட்டேன். சொன்னா விட்டுடுறேன்னீங்களே."

உலிஸ் தொப்பியைக் கழற்றிக்கொண்டு தரையைப் பார்த்தான். அலமாரிக் கதவு மெல்லத் திறந்தது. மனோன், வேஷத்துக்காகச் சட்டையில் தைத்த, யூதர் அடையாளமான மஞ்சள் நட்சத்திரத்தோடு இறங்கினாள். "மூச்சு விடாம இருன்னு அவங்கதான் சொன்னாங்க," என்றாள்.

பிள்ளை கிடைத்துவிட்டாள். ஆனாலும் ரெமியின் பயம் போகவில்லை, முன்னைவிட அதிகமாகிவிட்டது. "அம்மா..." என்று வாயெடுத்தார்.

யூஜெனி அவர் சட்டைக்கையைப் பிடித்துக்கொண்டு கெஞ்சினாள்.

"மெதுவாப் பேசுங்கய்யா. என் பையன் தொட்டில்ல தூங்குறான். அவனை ஒண்ணும் பண்ணாதீங்க."