கவுன் ஒன்றுதான்

படம் பேசாத காலம் அது. வீட்டுச் சண்டைகளைச் சிரிப்புப் படங்களாக எடுத்துத் தள்ளிய ஒரு கம்பெனியில் மனைவி வேஷம் அவளுக்கு. அதற்குமுன் ஒன்பது வருஷம் சாப்பாட்டுக் கடையில் பாத்திரம் தேய்த்தவள்.

ஏழு படங்களில் கணவனை முறைத்தாள், அடுப்பை ஊதினாள், கதவை அறைந்து சாத்தினாள். விழுகிற காட்சி வந்தால் மட்டும் கவுனைக் கழற்றிக் கொடுத்துவிட்டு, மறைப்புக்குப் பின்னால் போர்வையைச் சுற்றிக்கொண்டு உட்கார வேண்டும். கம்பெனியில் கவுன் ஒன்றுதான். அதை மாட்டிக்கொண்டு அவளுக்காக விழுபவரை எல்லோரும் மீசை என்பார்கள். மீசையை எடுக்க மனசில்லாமல் எப்போதும் முதுகைக் காட்டியே விழுவார். கொட்டகை அதிரச் சிரிக்கும்போதெல்லாம் திரையில் அவளுக்கு முகமே இருக்காது.

எட்டாவது படத்தில் பன்னிரண்டு பீங்கான் தட்டுகளோடு மாடிப்படியில் உருள வேண்டும். மீசை கையை நீட்டினார்.

"கழட்டிக் குடும்மா, வெளிச்சம் போயிரும்."

"தர மாட்டேண்ணே. நானே விழுறேன்."

டைரக்டர் எழுந்து வந்தார். "கிறுக்கா உனக்கு? இடுப்பு ஒடிஞ்சா யாரு பதில் சொல்றது?"

"என் இடுப்பு, நான் சொல்லிக்கிறேன் சார். அண்ணன் விழுறதுக்கு முன்னாடியே தட்டை விட்டுடுறாரு. வீட்டு வேலை செஞ்சவ எவளும் அப்படி விழ மாட்டா."

"சரி, விழு. சிரிப்பு வரலைன்னா நாளையிலேருந்து இந்தப் பக்கமே வராதே."

கேமராக்காரர் கைப்பிடியைச் சுற்ற ஆரம்பித்தார். மேல்படியிலேயே கால் வழுக்கியது. விழுவது ஒன்றும் பெரிய கலை அல்ல. ஆனாலும் அவள் விழுந்ததில் ஒரு ஒழுங்கு இருந்தது. தோள், முதுகு, இடுப்பு என்று ஒவ்வொன்றாகப் படியில் இடிபட்டன. தட்டுகளைத் தாங்கிய கைகள் மட்டும் தளரவில்லை. நழுவப் பார்த்த மேல்தட்டைத் தாடையால் அமுக்கினாள். தரையில் வந்து உட்கார்ந்தபோது பன்னிரண்டும் முழுசாக இருந்தன. மேல்தட்டைத் திருப்பி, கீறல் உண்டா என்று பார்த்து, கவுன் நுனியால் துடைத்தாள். பிறகு கேமராவை நேருக்கு நேர் முறைத்தாள்.

"உடைக்கத்தானே வாங்கினேன்!" என்று கத்தினார் டைரக்டர்.

"உடைச்சா யாரு சார் பெருக்குறது?"

கேமராக்காரர் குலுங்கிக் குலுங்கிச் சிரித்தார். கைப்பிடி மட்டும் நிற்காமல் சுற்றியது. மீசையும் சிரித்தார், பழக்கதோஷத்தில் மீசையைக் கையால் பொத்திக்கொண்டு.

டைரக்டர் பாராட்டவில்லை. தாளைப் புரட்டினார். "நாளைக்கு ஜன்னல்லேருந்து விழணும். மீசை..."

"நான் விழுறேன்."

அவர் தாளிலிருந்து தலையைத் தூக்கவில்லை. "எட்டு மணிக்கு வந்துடு."

நொண்டிக்கொண்டே வாசல்வரை போனவளை உடுப்பு அறைக்காரர் மறித்தார். "கவுனைக் கழட்டி வெச்சுட்டுப் போம்மா."

"அழுக்காயிருக்கு. துவைச்சு, நாளைக்குப் போட்டுக்கிட்டே வரேன்" என்று சொல்லிவிட்டுத் தெருவில் இறங்கினாள்.