தலை ஆடிக்கு வராத செல்விக்காக ஐகோர்ட்டு வரை

பெரிய பேரன் ரயில்வேயில் சேர்ந்துவிட்டான். அடுத்தவன் திண்டிவனத்தில் செல்போன் கடை வைத்திருக்கிறான். இந்தப் பக்கத்தை எனக்குத் திறந்து கொடுத்தவனும் அவன்தான். சின்னப் பேத்தி பத்தாவதில் கணக்கில் நூற்றுக்கு நூறு. ஆனால் இன்றைக்குப் பேச்செல்லாம் பெரிய பேத்தி கயல்விழியைப் பற்றித்தான். எங்கள் வீட்டு முதல் வக்கீல்! இந்த 2014 கார்த்திகையில் ஒரு செவ்வாய்க்கிழமை, சென்னை ஐகோர்ட்டில் முதல் தடவையாக எழுந்து பேசினாள். ஐந்தாவதோடு படிப்பை விட்ட நான் நேரில் போய்ப் பார்த்தேன்.

கூட வந்தவள் மல்லிகா, அனந்தபுரம் பக்கம். அவள் மகள் செல்வி, கல்யாணமான வருடமே தலை ஆடியில் புருஷன் வீட்டில் தீயில் கருகிச் செத்தாள். ஆடிக்குப் பெண்ணை அழைக்கத் தட்டோடு போன மல்லிகாவிடம், "பைக் வந்தாதான் பொண்ணு வரும்" என்று சொல்லி அனுப்பியிருக்கிறார்கள். நாலாம் நாள் சாவுச் செய்தி. விழுப்புரம் கோர்ட்டில் புருஷனுக்குப் பத்து வருடம் தீர்ப்பானது. அவன் மேல்முறையீடு போட்டு ஜாமீனில் சுற்றிக்கொண்டிருந்தான். இங்கே ஜெயித்தால் விடுதலை.

மல்லிகா விழுப்புரத்தில் ஏறி வந்த பேருந்தில் நான் திண்டிவனத்தில் காலை 5.40க்கு ஏறினேன்.

"ஜல்தி ஏறு ஆயா. பட்டுப்பொடவ கட்டிக்கினு எந்தக் கல்யாணத்துக்கு?" என்றார் கண்டக்டர்.

"எம் பேத்தி ஐகோர்ட்ல பேசப்போறாய்யா. வண்டிய நிறுத்தி நிறுத்திப் பேஜாரு பண்ணாத."

பேருந்தே சிரித்தது. மல்லிகா மட்டும் சிரிக்கவில்லை.

டிக்கெட் 70 ரூபாய். கோயம்பேடு 8.20. அங்கிருந்து 15பி பிடித்து ஐகோர்ட்டு போக முக்கால் மணி நேரம். வாசலில் போலீஸ்காரம்மா என் பையிலிருந்த பாக்குவெட்டியை எடுத்துவிட்டார். "யாரைம்மா வெட்டப் போறீங்க?" என்று வேறு கேட்டார். திரும்பும்போது கொடுத்தார்.

11.15க்கு வழக்கைக் கூப்பிட்டார்கள். எல்லாம் இங்கிலீஷ். கயலின் தோழி என் பக்கத்தில் உட்கார்ந்து காதில் சொன்னாள். செல்வி புருஷனின் வக்கீல் பெரிய ஆள். "பைக் கேட்டது ஆடிச் சீருக்கு. ஆடிச் சீர் ஊர் வழக்கம். அது வரதட்சணை ஆகாது" என்றாராம். நீதிபதி தலையை ஆட்டினார். மல்லிகா என் கையைப் பிடித்தாள்.

அரசு வக்கீல் பேசி முடித்ததும், அவருக்குத் துணையாக, மல்லிகாவின் வக்கீலான கயல் அனுமதி கேட்டு எழுந்தாள். விழுப்புரத்திலேயே கோர்ட்டில் கொடுத்த ஒரு தாளைப் பார்க்கச் சொன்னாள். நிச்சயத்தன்று எழுதி, மஞ்சள் தடவி, சபையில் படித்த சீர்ப் பட்டியல். கல்யாணத்தில் கொடுத்து முடித்த சாமானுக்கு நேராகக் குங்குமப் பொட்டு வைப்பது அவர்கள் பக்கத்து வழக்கம். பீரோவுக்குப் பொட்டு, கட்டிலுக்குப் பொட்டு. ஒன்பதாவது வரியில் பைக். அதற்குப் பொட்டு இல்லை. கல்யாணத்துக்குப் பேசியதைத்தான் ஆடியில் கேட்டிருக்கிறார்கள். பெயர் மட்டும் ஆடிச் சீர். பொட்டு விவரத்தை மல்லிகா சாட்சியிலேயே சொல்லியிருந்தாள், யாரும் கண்டுகொள்ளவில்லை.

நீதிபதி தாளை வாங்கி வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தார். சாப்பாட்டு இடைவேளைக்குப் பிறகு தீர்ப்பை வாசித்தார்: மேல்முறையீடு தள்ளுபடி, அவன் சரணடைய வேண்டும். நான் கை தட்டிவிட்டேன்! வழக்கைக் கூப்பிடும் டவாலி முறைத்தார்.

போகிறவர்களுக்கு: கோர்ட்டு 10.30க்கு ஆரம்பம், ஒன்பதரைக்கே வாசலில் நில்லுங்கள். வாக்காளர் அட்டை அவசியம். முக்கியமாக, பெண்ணைப் பெற்றவர்கள் எந்தத் தாளையும் கிழித்துப் போடாதீர்கள். பெண் போனில் அழுதால் ஆடி வரும் வரை காத்திருக்காமல் அன்றைக்கே போய்க் கூட்டி வாருங்கள்.

திரும்பும் பேருந்தில் அச்சிறுபாக்கம் தாண்டி மல்லிகா வாய் திறந்தாள். "அக்கா, பேப்பர்லயும் உங்க போன்லயும் எம் பொண்ணு அவன் பக்கத்துலயே நின்னுக்கினு இருக்கறா." பிறகு பர்ஸிலிருந்து ஒரு படத்தை எடுத்துக் கொடுத்தாள். பிளஸ் டூ ஹால் டிக்கெட்டுக்கு எடுத்தது. இரட்டைப் பின்னல், சிரிப்பை அடக்கிக்கொண்ட வாய்.

பேராண்டி, போன பதிவில் போட்ட அந்தக் கல்யாணப் படத்தை எடுத்துவிடு. இந்த ஹால் டிக்கெட் படத்தைப் போடு, பெரிதாக.