இடது கண் இமைத்த நாள்

அந்தப் பெரிய ஆஸ்பத்திரியில் எல்லோரும் அவளைச் சைகை டீச்சர் என்றுதான் கூப்பிடுவார்கள். அவள் எந்தப் பள்ளிக்கூடத்திலும் பாடம் நடத்தியதில்லை. காது கேளாதவர்கள் வைத்தியத்துக்கு வந்தால், டாக்டர் வாயால் சொல்வதைக் கையால் சொல்வதும், அவர்கள் கையால் சொல்வதை வாயால் சொல்வதும்தான் அவள் வேலை. பிறவியிலேயே காது கேளாத அக்காவோடு சண்டை போட்டே வளர்ந்தவள் என்பதால், அந்த மொழி அவளுக்குப் பேச்சு வருவதற்கு முன்பே வந்துவிட்டது.

ஒருநாள் காலை வாய் கொப்பளித்தபோது தண்ணீர் இடது கடைவாய் வழியாகச் சட்டையில் ஒழுகியது. கண்ணாடியைப் பார்த்தாள். முகத்தின் வலது பாதி மிரண்டு போயிருந்தது. இடது பாதி யாருக்கு வந்த விருந்தோ என்று சும்மா இருந்தது. பஸ் ஓட்டப் புறப்பட்டுக்கொண்டிருந்த கணவன் அவள் முகத்தைப் பார்த்தான். சட்டைப் பொத்தானைப் பாதியில் விட்டுவிட்டு அவளை அழைத்துக்கொண்டு ஆஸ்பத்திரிக்கு ஓடினான்.

நரம்பு டாக்டரம்மா கைகால்களை நீட்டச் சொல்லிப் பார்த்தார், பேசச் சொல்லிக் கேட்டார், நெற்றியைச் சுருக்கச் சொன்னார். பக்கவாதம் இல்லை என்றதும்தான் கணவன் மிச்சப் பொத்தானைப் போட்டான். பிறகு அவர் பஞ்சை நூல்போலத் திரித்து, அதன் நுனியால் அவளுடைய இடது கருவிழியின் ஓரத்தை லேசாகத் தொட்டார். வலது கண் பட்டென்று மூடியது. தொட்ட கண் திறந்தே இருந்தது.

"பஞ்சு பட்டது தெரிஞ்சுதா?"

"நல்லாவே உறுத்துச்சு டாக்டர். ஆனா தப்பான கண்ணு மூடுது."

டாக்டரம்மா சிரித்துவிட்டார். எந்தக் கண்ணைத் தொட்டாலும் சேதி ஒரு நரம்பு வழியாக மூளையின் அடித்தண்டுக்குப் போகும் என்றும், அங்கிருந்து, நம்மை ஒரு வார்த்தை கேட்காமல், இரண்டு கண்களையும் மூடச் சொல்லி வேறு நரம்புகளில் உத்தரவு வரும் என்றும் விளக்கினார்.

"உங்களுக்குச் சேதி ஒழுங்கா போகுது. உத்தரவு கொண்டு வர்ற இடது நரம்புதான் வீங்கிப் படுத்திருக்கு. பெரும்பாலும் எந்திரிச்சிடும்."

மாத்திரையும் சொட்டு மருந்தும் கொடுத்தார். தூங்கும்போது கண்ணை மூடி ஒட்டிவைக்க டேப்பும் கொடுத்தார்.

கைக்கு ஒன்றும் ஆகவில்லையே என்ற தைரியத்தில் அவள் சீக்கிரமே வேலைக்குத் திரும்பினாள். அங்கேதான் மூக்குடைபட்டாள். சைகை மொழியில் கேள்விக்குறி புருவத்தில் இருக்கிறது. 'வலி' என்று கை காட்டிப் புருவங்களை உயர்த்தினால் "வலிக்குதா?" என்று அர்த்தம். புருவம் அசையாவிட்டால் அது வெறும் "வலிக்குது." நிறைமாதத்தை நெருங்கிக்கொண்டிருந்த ஒரு தையல்காரப் பெண்ணிடம், குழந்தையின் அசைவு குறைந்திருக்கிறதா என்று பிரசவ டாக்டர் கேட்கச் சொன்னார். இவள் கை சரியாகத்தான் சொன்னது. ஒரு புருவம் மட்டும் ஏறி, முகம் கோணிக்கொண்டது. அசைவு குறைந்துவிட்டது என்று புரிந்துகொண்ட அந்தப் பெண் வயிற்றைப் பிடித்துக்கொண்டு அழுதுவிட்டாள். எழுதிக் காட்டிச் சமாதானப்படுத்துவதற்குள் போதும் போதும் என்றாகிவிட்டது.

அன்றைக்கே விடுப்பு சொல்லிவிட்டு வந்து படுத்தவள், யாரிடமும் முகம் கொடுத்துப் பேசவில்லை. சலவைக்கடையில் இஸ்திரி போடும் அக்கா வேலை முடிந்து நேராக வந்து எதிரே உட்கார்ந்தாள்.

"எங்கிட்ட என்ன வெக்கம்?" என்று கையால் கேட்டாள். "சாப்பிட்டியான்னு நீ கேட்டா, நான் சாப்பிட்டாச்சுன்னு நீயே சொல்ற மாதிரி இருக்கு. உனக்குச் சோறு மிச்சம் ஆகுது, அவ்வளவுதான்."

டாக்டரம்மா சொல்லிக்கொடுத்த பயிற்சிகளுக்கு அன்று முதல் அக்காவே கண்ணாடி ஆனாள். அவள் புருவத்தை உயர்த்துவாள், கன்னத்தை உப்புவாள். தங்கை அதைப் பார்த்துச் செய்ய வேண்டும். வாரங்கள் போயின. இடது பக்கம் அசைந்து கொடுக்கவில்லை. டீச்சர் பலமுறை எழுந்து போனாள். அக்கா ஒவ்வொரு முறையும் இழுத்து உட்காரவைத்தாள்.

ஒரு மத்தியானம் அக்கா துவைத்த போர்வையை உதறினாள். தண்ணீர்த் துளிகள் தங்கையின் முகத்தில் தெறித்தன. அக்காவின் கையிலிருந்து போர்வை நழுவியது. அவள் வாளியில் விரலை நனைத்து மறுபடியும் தெளித்தாள். தங்கை கோபித்துக்கொண்டாள்.

"மூடுது," என்று அக்கா கை காட்டினாள். "ரெண்டும் மூடுது."

டீச்சர் நம்பவில்லை. இடது இமைமேல் விரல் வைத்துக்கொண்டு இன்னொரு தரம் தெளிக்கச் சொன்னாள். விரலுக்குக் கீழே இமை, சற்றுப் பிந்தி, தானாகவே இறங்கியது. அதற்கப்புறம் யார் யாருக்குத் தண்ணீர் தெளித்தார்கள் என்று கணக்கில்லை. கணவன் வீட்டுக்கு வந்தபோது இரண்டு பெண்களும் தொப்பலாக நனைந்து சிரித்துக்கொண்டிருந்தார்கள். விஷயம் தெரிந்ததும் அவனும் ஒரு கை தண்ணீர் அள்ளினான்.

டாக்டரம்மா பஞ்சு நுனியால் சோதித்து உறுதிப்படுத்தினார். பாதை திறந்துவிட்டது என்றும், மற்றவை பின்னாலேயே வரும் என்றும் சொன்னார். அப்படியே வந்தன. முதலில் கன்னம், பிறகு உதடு. புருவம்தான் கடைசிவரை பிகு பண்ணிக்கொண்டிருந்தது.

அவள் விடுப்பு முடிவதற்குள் பிரசவ வார்டிலிருந்து அழைப்பு வந்தது. அந்தத் தையல்காரப் பெண்ணுக்கு வலி எடுத்துவிட்டது. யார் சொல்வதும் அவளுக்குப் புரியவில்லை. டீச்சர் போய்ச் சேர்ந்தபோது அந்தப் பெண்ணின் முகத்தில் ஈயாடவில்லை. மறுபடியும் இவளா என்று அவள் கண் சொன்னது.

பிரசவ டாக்டர், "முக்கணும்போல இருக்கான்னு கேளுங்க. முக்கச் சொல்லிடாதீங்க, இன்னும் நேரமிருக்கு," என்றார்.

டீச்சர் கைகளை உயர்த்தினாள். கூடவே புருவங்களையும் உயர்த்தினாள். இடது புருவம் வலதின் உயரத்துக்குப் போகவில்லை. ஆனால் ஏறியது. தையல்காரப் பெண் அந்த முகத்தை உற்றுப் பார்த்தாள். இல்லை என்று தலையசைத்தாள். கேள்வி கேள்வியாகவே போய்ச் சேர்ந்துவிட்டது. அதன்பிறகு இருவரும் நிறுத்தவே இல்லை. கேட்பதும் பதில் சொல்வதுமாக, நடுவே டாக்டரைப் பற்றி இரண்டு கிண்டலுமாகப் பொழுது போனது. நேரம் வந்தபோது, முக்கணும் என்று அந்தப் பெண்ணே முந்திக்கொண்டு கை காட்டினாள்.

குழந்தை பிறந்தது. நர்ஸ் அதைத் துடைத்துத் தாயின் மார்பில் படுக்கவைத்து, கன்னத்தை விரலால் தொட்டார். குழந்தை தொட்ட பக்கமே திரும்பி வாயைத் திறந்தது. யார் சொல்லிக்கொடுத்தார்கள் என்று தாய் வியந்து கேட்டாள். யாருமில்லை, அதன் முகத்துக்கே தெரியும் என்று டீச்சர் சொன்னாள்.

வராண்டாவுக்கு வந்து அக்காவுக்கு வீடியோவில் அழைத்தாள். இஸ்திரிப் பெட்டியை நிமிர்த்தி வைத்துவிட்டு அக்கா திரையைப் பார்த்தாள். டீச்சர் கையை அசைக்காமல் இரண்டு புருவங்களையும் தூக்கினாள்.

"என்ன கேக்குற?" என்றாள் அக்கா.

"ஒண்ணுமில்ல. சும்மா கேட்டுப் பாக்குறேன்."