நாற்பத்தொன்றாவது ஆள்

ஒதாலிஸ் வரிசைகளில்தான் நடித்தாள். சோவியத் கப்பல்கள் எங்கள் தீவுக்கு வராமல் போன வருடங்களில் எங்கள் மத்தான்ஸாஸ் நகரில் ரொட்டிக்கும் சோப்புக்கும் வரிசைதான். காலையில் அவளுக்குப் பள்ளி நூலகத்தில் வேலை. மதியம் யாருடைய உடுப்பையாவது இரவல் வாங்கி மாட்டிக்கொண்டு கிளம்புவாள். மீனவர், நர்ஸ், ஒருமுறை ஆஸ்துமாக்காரக் கிழவர். கடை வாசலில் நிழல் பார்த்துச் சிதறி உட்கார்ந்திருப்பவர்களிடம் அந்த ஆளின் குரலில், "யாரு கடைசி?" என்பாள். யாராவது கை தூக்குவார்கள். அந்தக் கணத்திலிருந்து அவள்தான் கடைசி. முறை வந்ததும் பின்னால் நிற்பவருக்கு இடத்தைக் கொடுத்துவிட்டு வெறுங்கையோடு போய்விடுவாள். எதிர்ச் சாரியிலிருந்து நான் என் ரஷ்யக் கேமராவில் எடுப்பேன். சாவி கொடுத்தால் அரை நிமிடம் ஓடும்.

"நான் யாருன்னு எனக்கே தெரியல, ஃபெர்மின்," என்பாள். "வரிசையில மட்டும் சந்தேகமே இல்ல. சிவப்புச் சட்டைக்காரருக்கு அடுத்தது நான்."

படத்தின் முதல் பகுதியைக் கலாச்சார இல்லத்தில் ஒரே ஒருமுறை திரையிட்டோம். பதினோரு பேர் வந்தார்கள். அதில் இருவர் மழைக்கு ஒதுங்கியவர்கள். எந்தப் பத்திரிகையும் அவளைப் பற்றி ஒரு வரி எழுதவில்லை. தெருவுக்கு மட்டும் அவளைத் தெரியும்: அவளுக்குப் பின்னால் நின்றால் ஒரு இடம் லாபம்.

நாற்பது ஆட்களை நடித்து முடித்திருந்தாள். கடைசி ஆள் அவளே.

"சொந்த உடுப்புல வந்து நிப்பேன். எப்போன்னு சொல்ல மாட்டேன். பார்த்தா எடுத்துக்கோ."

என்னிடம் மிச்சமிருந்தது இரண்டு நிமிடச் சுருள்.

ஆகஸ்டில் ஒரு நாள் மருந்துக்கடைக்கு ஆறு இன்ஹேலர்கள் வந்தன. ஒதாலிஸுக்குச் சிறு வயதிலிருந்தே ஆஸ்துமா. அவளுடையது தீர்ந்து இரண்டு நாள் ஆகியிருந்தது என்பது எனக்குப் பிறகுதான் தெரியும். நான் போனபோது தன் மஞ்சள் கவுனில் ஆறாவதாக நின்றிருந்தாள். தோள்கள் ஏறி ஏறி இறங்கின. அவளுக்குப் பின்னால் எங்கள் பக்கத்து வீட்டு மிக்தாலியா.

"என்னடி, இன்னைக்கு யாரு வேஷம்?"

"நான்... நான்தான்."

"கேட்டீங்களா, அவளேதானாம்! அந்தக் கிழவன் மாதிரியே இழுக்கிறா பாருங்க. போன தடவையைவிட இது பிரமாதம்."

எல்லோரும் சிரித்தார்கள்.

"நிஜமாவே..."

"நிஜமாவே செத்துக் கித்துப் போயிடாத கண்ணு. பின்னாடி நான் நிக்கிறேன்."

எதிரே நான் கேமராவுக்குச் சாவி கொடுத்துக்கொண்டிருந்தேன்.

அவள் முறை வந்தது. கவுன்டரில் கையை ஊன்றி நின்றாள். பேச்சு வரவில்லை. மிக்தாலியா வழக்கம்போல், "நல்லா இருடி," என்று அவளைத் தாண்டிப் போய், தன் மகனுக்காக ஆறாவதை வாங்கிக்கொண்டாள். ஒதாலிஸ் திரும்பி என்னை நோக்கிக் கையை அசைத்தாள். முடிவுக்காட்சி என்று நினைத்து இன்னொருமுறை சாவி கொடுத்தேன். அவள் நடைபாதையில் சரிந்து உட்கார்ந்தாள். சுருள் தீர்ந்த பிறகுதான் தெருவைக் கடந்தேன்.

மிக்தாலியா பெட்டியைப் பல்லால் கிழித்து மருந்தை அவள் வாயில் வைத்தாள். உள்ளே இழுக்க அவளிடம் மூச்சு இல்லை. பெட்ரோல் இல்லாத ஊர். சைக்கிளில் உட்காரவைத்துத் தள்ளிக்கொண்டு போனோம். ஆஸ்பத்திரி மேட்டை ஏறுவதற்குள் எல்லாம் முடிந்துவிட்டது.

அந்தச் சுருளை நான் கழுவவே இல்லை. பல வருடம் கழித்து மிக்தாலியா ஒருமுறை கேட்டாள்.

"அதுல நான் தெரிவேனா?"

"தெரிவே."

"நீ?"

"எடுத்தவன் எப்படித் தெரிவான்?"

"குடுத்து வச்சவன்டா நீ," என்று சொல்லிவிட்டுக் கதவைச் சாத்திக்கொண்டாள்.